மாட்டுக்கறி கைமா சாதம்: ஒரே குக்கரில், ஒரு மேசைக்கரண்டி எண்ணெயில்

வியாசர்பாடி, புளியந்தோப்பு, பெரம்பூர், ராயபுரம் பக்கம் மாட்டுக்கறிக்குப் பஞ்சமில்லை. காலையில் கறிக்கடை, சாயங்காலம் வண்டிக்கடை பிரியாணி, சுக்கா, வறுவல் என்று நாள் முழுக்கக் கிடைக்கும். ஆனால் வீட்டில் முதல்முறை சமைக்க நினைப்பவர் பெரும்பாலும் இரண்டு காரணங்களால் தயங்குகிறார்: கறி வேகுமா என்ற பயம், எண்ணெய் அதிகமாகிவிடுமோ என்ற கவலை. கைமா இந்த இரண்டுக்கும் பதில். பொடியாக அரைத்த கறி சீக்கிரம் வெந்துவிடும். கொழுப்பு எவ்வளவு, எண்ணெய் எவ்வளவு என்பதும் உங்கள் கையில் இருக்கும். மணலி, எண்ணூர் பக்கம் வேலைக்கு வந்து ஒற்றை அடுப்போடு அறையில் தங்கியிருப்பவர்களுக்கும் இது பொருந்தும். தேவை ஒரு 5 லிட்டர் குக்கர்தான். தேய்க்கவும் அந்த ஒரு பாத்திரம்தான். குடத்தில் தண்ணீர் பிடித்து வைத்துப் புழங்கும் வீட்டில் அது சின்ன விஷயமில்லை.

எண்ணெயைக் குறைத்தால் ருசி போய்விடும் என்று பலர் நம்புகிறார்கள். கைமாவின் ருசி எண்ணெயில் இல்லை, வறுப்பதில் இருக்கிறது. கறியிலுள்ள தண்ணீர் வற்றி, அது பழுப்பு நிறமாகும் வரை பொறுமையாக வறுத்துவிட்டால் எண்ணெய் பாதியானாலும் நாக்குக்குத் தெரியாது. அந்தப் பத்து நிமிடத்தைச் சுருக்கினால் நான்கு கரண்டி எண்ணெய் ஊற்றினாலும் சாதம் சப்பென்றுதான் இருக்கும். இந்தக் குறிப்பு முழுவதும் அந்தப் பத்து நிமிடத்தைச் சுற்றித்தான்.

கறி வாங்குவது

தொடைக்கறி கேளுங்கள். நெஞ்சுக்கறியில் கொழுப்பும் நாரும் அதிகம். அது குழம்புக்கு நல்லது, இதற்கு வேண்டாம். முன்பே அரைத்துத் தட்டில் குவித்து வைத்திருப்பதை வாங்காதீர்கள். எந்தப் பாகம், எத்தனை மணிக்கு அரைத்தது என்று அதில் தெரியாது. துண்டைக் கண்ணால் பார்த்து, எதிரிலேயே அரைக்கச் சொல்லுங்கள்: “அண்ணா, தொடையில முந்நூறு கிராம் எடுங்க. ஜவ்வும் கொழுப்பும் எடுத்துட்டு, கழுவிக் கைமா போட்டுக் குடுங்க.” இப்படித் தெளிவாகக் கேட்டால் எந்தக் கடைக்காரரும் முகம் சுளிக்க மாட்டார். மெஷினில் முதலில் விழும் பிடி, முந்தைய ஆளின் கறி மிச்சமாக இருக்கலாம். அதைத் தள்ளிவிட்டுப் போடச் சொல்லுங்கள்.

கழுவுவதை அரைப்பதற்கு முன்பே முடிக்கச் சொல்வதற்குக் காரணம் உண்டு. அரைத்த கறியை வீட்டில் தண்ணீரில் அலசினால் அது பஞ்சு மாதிரி நீரைக் குடித்துக்கொள்ளும். சாறு வெளியே போகும், அடுப்பில் வறுபடாமல் வேகும், கவுச்சி போகாது. அரைத்தது கைக்கு வந்தபின் கழுவ வேண்டாம்.

வெட்டிய கறி அடர்ந்த கருஞ்சிவப்பாகவும் அதன் கொழுப்பு வெள்ளையாகவும் இருந்தால் பெரும்பாலும் எருமைக்கறி. பசு, காளையின் கொழுப்பு மஞ்சள் கலந்திருக்கும். எருமைக்கறியில் பொதுவாகக் கொழுப்பு குறைவு, அதனால் இந்தச் சமையலுக்கு நல்லதே. நார் கொஞ்சம் முரடு, ஆனால் கைமாவாகப் போட்டால் அது பெரிதாகத் தெரியாது. கட்டையில் வைத்துக் கத்தியால் கொத்தித் தரும் கடைகளும் உண்டு. அந்தக் கொத்துக்கறி மெஷின் கைமாவைவிட ருசி, ஆனால் துண்டு பெரிதாக இருக்கும். வறுத்தபின் அரை டம்ளர் தண்ணீர் விட்டுத் தனியாக மூன்று விசில் விட்டுக்கொண்டால்தான் பதமாகும்.

வாங்கியதும் நேராக வீட்டுக்கு வாருங்கள். கறிப் பையைத் தொங்கவிட்டுக்கொண்டு வெயிலில் நான்கு கடை ஏறி இறங்கக் கூடாது. முழுத் துண்டில் கிருமி மேற்பரப்பில்தான் இருக்கும்; அரைத்ததும் அது உள்ளே வெளியே எல்லா இடமும் கலந்துவிடும். அதனால்தான் கைமாவை ஃபிரிட்ஜில் ஒன்று, இரண்டு நாளுக்கு மேல் வைக்கக் கூடாது, அரைவேக்காடாகவும் சாப்பிடக் கூடாது. உடனே சமைக்கவில்லையென்றால் கவரில் போட்டு அப்பளம் போலத் தட்டையாக்கி ஃபிரீசரில் வையுங்கள். உருண்டையாக வைத்தால் வெளியே இளகும்போது நடுவே கல்லாக இருக்கும். இளக்குவதும் ஃபிரிட்ஜுக்குள்ளேதான், ராத்திரி எடுத்துக் கீழ்த்தட்டில் வைத்தால் காலையில் சரியாக இருக்கும்.

நான்கு பேருக்கு என்னென்ன

டம்ளர் என்பது இங்கே 200 மி.லி. அளவு.

பொன்னி புழுங்கல் அரிசி ஒன்றரை டம்ளர் (ஏறக்குறைய 250 கிராம்)
கைமா 300 கிராம்
கடலைப்பருப்பு 50 கிராம்
பெரிய வெங்காயம் 2, தக்காளி 2
முட்டைக்கோஸ் 150 கிராம், கேரட் 1, பீன்ஸ் 100 கிராம்
முருங்கைக்கீரை உருவியது இரண்டு கைப்பிடி
இஞ்சி பூண்டு விழுது ஒன்றரை மேசைக்கரண்டி, பச்சை மிளகாய் 2
தயிர் 2 மேசைக்கரண்டி, புதினா, கொத்தமல்லி தலா ஒரு கைப்பிடி
மிளகாய்த்தூள் 1 தேக்கரண்டி, தனியாத்தூள் 2 தேக்கரண்டி, மஞ்சள்தூள் அரை, சோம்புத்தூள் அரை, மிளகுத்தூள் அரை
பட்டை ஒரு துண்டு, கிராம்பு 3, ஏலக்காய் 2, பிரிஞ்சி இலை 1
எண்ணெய் 3 தேக்கரண்டி, அதாவது ஒரு மேசைக்கரண்டி
தூள் உப்பு ஒன்றே கால் தேக்கரண்டி, எலுமிச்சை 1

இதில் ஒவ்வொரு அளவுக்கும் கணக்கு இருக்கிறது. ஒரு மேசைக்கரண்டி எண்ணெய் என்பது சுமார் 120 கலோரி. கண் அளவாகக் குக்கரில் ஊற்றும்போது மூன்று நான்கு மேசைக்கரண்டி தானாக விழுந்துவிடும். எந்த எண்ணெய் என்பதைவிட இந்தக் கை அளவுதான் பெரிய வித்தியாசம் செய்கிறது. பாட்டிலிலிருந்து நேரே ஊற்றாதீர்கள். கரண்டியில் அளந்து ஊற்றுங்கள்.

உப்பு, ஒரு நாளைக்கு ஓர் ஆளுக்கு 5 கிராமுக்குக் குறைவாக இருக்க வேண்டும் என்கிறது உலக சுகாதார நிறுவனம். மேலே சொன்ன அளவு ஏறக்குறைய 7 கிராம். நான்காகப் பிரித்தால் ஆளுக்கு 2 கிராமுக்குள் நிற்கும். கல்லுப்பு என்றால் பொடித்துவிட்டு அளக்கவும், கல்லுக்கும் கல்லுக்கும் நடுவே இடைவெளி இருப்பதால் கரண்டிக் கணக்கு ஏமாற்றும். கடையில் விற்கும் ரெடிமேட் பிரியாணி மசாலாவையும் சுவைக்கட்டிகளையும் சேர்ப்பதானால் பின்பக்கத்தில் சோடியம் எவ்வளவு என்று பாருங்கள். 1 கிராம் சோடியம் இரண்டரை கிராம் உப்புக்குச் சமம். பார்க்காமல் போட்டுவிட்டு மேலே வழக்கமான உப்பும் போடுவதால்தான் முதல் சமையல் கரிக்கிறது.

கறி 300 கிராம் போதுமா என்று கேட்கலாம். போதும். கடலைப்பருப்பும் பொடியாக நறுக்கிய முட்டைக்கோஸும் கைமாவோடு கலந்து அளவைக் கூட்டிக் காட்டும். கைமாவில் கடலைப்பருப்பு சேர்ப்பது இங்கே பல முஸ்லிம் வீடுகளில் பழகிய கைதான், புதிதாகக் கண்டுபிடித்ததல்ல. சிவப்பிறைச்சியைச் சமைத்த எடையில் வாரத்துக்கு 350 முதல் 500 கிராமுக்கு மேல் போகாமல் பார்த்துக்கொள்ளச் சொல்கிறது உலகப் புற்றுநோய் ஆராய்ச்சி நிதியம். இந்தச் சாதத்தில் ஓர் ஆளுக்கு விழுவது பச்சையாக 75 கிராம்தான். இரும்புச்சத்தும் பி12 வைட்டமினும் கிடைக்க இதுவே நல்ல பங்கு. யூரிக் அமிலம், சிறுநீரகம், கொழுப்பு என்று மருத்துவர் கட்டுப்பாடு சொல்லியிருந்தால் அவர் சொல்வதுதான் அளவு.

அரிசியில் புழுங்கலைச் சொல்வதற்குக் காரணம், நெல்லாக அவிக்கும்போதே தவிட்டிலுள்ள பி வைட்டமின்களில் ஒரு பகுதி அரிசிக்குள் இறங்கிவிடுகிறது; பச்சரிசியில் அவை தீட்டும்போது தவிட்டோடு போய்விடும். சீரகச் சம்பாவின் மணம் வேண்டுமென்றால் அதையே போடலாம், தண்ணீர்க் கணக்கு மட்டும் மாறும்.

அடுப்பைப் பற்றவைக்கும் முன்

கடலைப்பருப்பை ஒரு மணி நேரம், அரிசியைக் கழுவி அரை மணி நேரம் ஊறவையுங்கள். இதைத் தவறவிட்டால் தக்காளி, தயிர்ப் புளிப்பில் பருப்பு நறுக்கென்று நின்றுவிடும். வெங்காயத்தை நீளமாக, முட்டைக்கோஸை முடிந்தவரை பொடியாக நறுக்குங்கள். கேரட்டையும் பீன்ஸையும் மட்டும் விரல் கணு அளவுக்குப் பெரிதாக விடுங்கள், மூன்று விசிலில் சின்னத் துண்டு இருந்த இடம் தெரியாமல் கரைந்துவிடும். பச்சைக்கறி வெட்டிய பலகையிலும் கத்தியிலும் காய்கறி நறுக்கக் கூடாது, காயை முதலில் முடித்துவிட்டுக் கறிக்குப் போங்கள்.

வறுக்கும் பத்து நிமிடம்

வழக்கமாக முதலில் தாளித்து, வெங்காயம் வதக்கி, அதற்கு மேல் கறியைப் போடுவோம். இங்கே வரிசையை மாற்றுங்கள். வெங்காயமும் தக்காளியும் தண்ணீர் விடும். அவற்றோடு சேர்ந்தால் கைமா வேகும், வறுபடாது.

குக்கரை நன்றாகக் காயவிட்டு ஒரு தேக்கரண்டி எண்ணெய் விடுங்கள். கைமாவைக் கிள்ளிப் போட்டு அடி முழுக்கப் பரப்பி, தீயை மிதத்துக்கும் அதிகத்துக்கும் நடுவில் வைத்து, இரண்டு நிமிடம் தொடாமல் விடுங்கள். பிறகு மரக்கரண்டியின் முதுகால் அழுத்தி உடையுங்கள். கட்டியை உடைக்க வேண்டிய நேரம் இதுதான். கட்டியாகவே வெந்துவிட்டால் பிறகு உடையாது, உருண்டை உருண்டையாகச் சாதத்தில் கிடக்கும். மஞ்சள்தூளை இப்போது சேர்க்கலாம். உப்பு வேண்டாம், அது நீரை இழுத்து வெளியே கொண்டுவரும்.

மூன்றாவது நிமிடத்தில் கைமா சாம்பல் நிறமாகி, அடியில் தண்ணீர் தேங்கும். பலரும் வெந்துவிட்டது என்று நினைத்து இங்கேதான் அடுத்த வேலைக்குப் போய்விடுகிறார்கள். கவுச்சி இருப்பது அந்தத் தண்ணீரில்தான். தண்ணீர் இருக்கும்வரை குக்கருக்குள் சூடு 100 டிகிரியைத் தாண்டாது. கறி பழுப்பாகி மணம் வர 140 டிகிரி பக்கம் போக வேண்டும். மூடாமல் வற்றவிடுங்கள். காதைக் கொடுத்துக் கேளுங்கள்: முதலில் தளதளவென்று கொதிக்கும் சத்தம், பிறகு சலசலப்பு, கடைசியில் சடசடவென்று உலர்ந்த சத்தம். அந்தச் சடசடப்பு வந்தபின் இன்னும் இரண்டு நிமிடம் கிளறிக் கிளறி விட்டால் கைமா உதிரியாகி, ஓரங்கள் காப்பிக்கொட்டை நிறம் காட்டும், அடியில் பழுப்பாக ஒரு படலம் ஒட்டும். அந்தப் படலம் கருகல் இல்லை, ருசி மொத்தமும் அதில்தான் இருக்கிறது. கறுப்பாகத் தொடங்கினால் மட்டும் உடனே தீயைக் குறைத்து ஒரு கரண்டி தண்ணீர் தெளியுங்கள்.

கொழுப்புக் கறி வந்து சேர்ந்திருந்தால் இப்போது எண்ணெய் மிதக்கும். குக்கரைச் சாய்த்து, கைமாவை மேலே ஒதுக்கி, கரண்டியால் அதை எடுத்துவிடுங்கள். தொட்டியில் ஊற்றாதீர்கள், மாட்டுக் கொழுப்பு ஆறியதும் மெழுகாக உறைந்து குழாயை அடைக்கும். பழைய டப்பாவில் ஊற்றி உறையவைத்துக் குப்பையில் போடலாம். வறுத்த கைமாவைச் சுத்தமான தட்டில் எடுத்து வையுங்கள், பச்சைக்கறி இருந்த தட்டு வேண்டாம்.

மசாலா

அதே குக்கரில் மீதி இரண்டு தேக்கரண்டி எண்ணெய். பட்டை, கிராம்பு, ஏலக்காய், பிரிஞ்சி இலை பொரிந்ததும் வெங்காயம், பச்சை மிளகாய், ஒரு சிட்டிகை உப்பு. வெங்காயம் விடும் ஈரத்தில் அடியிலுள்ள பழுப்பு இளகும், கரண்டியால் சுரண்டிச் சுரண்டிக் கலந்துவிடுங்கள். வெங்காயம் ஒட்டினால் இன்னும் எண்ணெய் விடத் தோன்றும். விடாதீர்கள், இரண்டு கரண்டி தண்ணீர் தெளித்தால் போதும். பொன்னிறமானதும் இஞ்சி பூண்டு விழுது, ஒரு நிமிடம். பிறகு முட்டைக்கோஸைப் போட்டு நான்கு நிமிடம், அது சுருங்கி ஓரம் சிவக்கும் வரை.

தூள்களைச் சேர்க்கும்முன் தீயைச் சிம்மில் வைக்கவும். எண்ணெய் குறைவாக இருக்கும்போது மிளகாய்த்தூள் பத்து நொடியில் கருகிக் கசந்துவிடும். தூளை ஒரு கிண்ணத்தில் தயிரோடு குழைத்துவிட்டு ஊற்றினால் அந்தப் பயமே இல்லை. அதன் மேல் தக்காளி, மீதி உப்பு.

எல்லாச் சமையல் குறிப்பிலும் “எண்ணெய் பிரியும் வரை வதக்கவும்” என்று இருக்கும். ஒரு மேசைக்கரண்டி எண்ணெயில் எதுவும் பிரியாது, அதற்காகக் காத்திருந்தால் மசாலா அடிப்பிடிக்கும். இங்கே அடையாளம் வேறு: கரண்டியால் அடியில் ஒரு கோடு இழுங்கள். கோடு உடனே மூடாமல் இரண்டு நொடி நின்று, மசாலா ஒன்றுசேர்ந்து உருண்டு வந்து, பச்சை வாசம் போயிருந்தால் சரி.

தண்ணீரும் விசிலும்

கைமா, வடித்த பருப்பு, கேரட், பீன்ஸ், புதினா, பாதிக் கொத்தமல்லி எல்லாம் சேர்த்துக் கிளறி, 3 டம்ளர் தண்ணீர் ஊற்றுங்கள். வெறும் சாதத்துக்கு ஒன்றரை டம்ளர் புழுங்கலரிசி மூன்றரை டம்ளர் கேட்கும். இங்கே தக்காளி, தயிர், கோஸ் விடும் ஈரம் மீதியைப் பார்த்துக்கொள்ளும். புது அரிசி என்றால் கால் டம்ளர் குறையுங்கள். சீரகச் சம்பாவுக்கு இரண்டே கால் டம்ளர், பாஸ்மதிக்கு 2 டம்ளர். கைக்குத்தல் அரிசியை இரண்டு மணி நேரத்துக்குக் குறையாமல் ஊறவைத்து மூன்றே முக்கால் டம்ளர் ஊற்ற வேண்டும்.

தண்ணீர் கொதித்ததும் ஒரு சொட்டு ருசி பாருங்கள். அரிசி உப்பை இழுத்துக்கொள்ளும் என்பதால் இந்தத் தண்ணீர் வாய்க்குச் சற்றுத் தூக்கலாக இருக்க வேண்டும். சரியாக இருப்பதாகத் தோன்றினால் சாதத்தில் குறையும், அப்போது எலுமிச்சை கைகொடுக்கும். வடித்த அரிசியைப் போட்டு, கரண்டியை அடிவரை விட்டு ஒருமுறை சுரண்டிவிட்டு மூடுங்கள். இந்தக் கடைசிச் சுரண்டலை விட்டால் ஒட்டியிருக்கும் மசாலா விசில் வருவதற்குள் கருகும். அரிசியும் தண்ணீரும் சேர்ந்து குக்கரில் பாதிக்கு மேல் இருக்கக் கூடாது, இருந்தால் கஞ்சி பொங்கி வால்வை அடைக்கும்.

மிதமான தீயில் மூன்று விசில், அடுப்பை அணைத்துவிடுங்கள். சீரகச் சம்பா, பாஸ்மதி என்றால் ஒரு விசில், ஐந்து நிமிடம் சிம். அதில் கடலைப்பருப்பு வேகாது. பருப்பைத் தனியே வேகவைத்துச் சேர்க்கவும், இல்லையேல் விட்டுவிடவும். கைக்குத்தலுக்கு முதல் விசிலுக்குப் பின் சிம்மில் 20 நிமிடம். எந்த அரிசியானாலும் பிரஷர் தானாக அடங்கட்டும். பசி அவசரத்தில் வெயிட்டைத் தூக்கினால் உள்ளே திடீரென்று கொதித்து அரிசி உடையும், ஆவி கையைச் சுடும்.

திறந்ததும் கிளறாதீர்கள். முருங்கைக்கீரையை மேலே தூவி, மூடியைச் சும்மா வைத்து ஐந்து நிமிடம் விடுங்கள். சாதத்தின் சூட்டிலேயே வெந்துவிடும். குக்கருக்குள் முதலிலேயே போட்டால் கறுத்துக் கசக்கும். பிறகு கரண்டியின் ஓரத்தால் பக்கவாட்டிலிருந்து புரட்டி, எலுமிச்சை பிழிந்து, மீதிக் கொத்தமல்லி.

பிசகினால்

சாதம் குழைந்துவிட்டால் கிளறக் கிளற இன்னும் கூழாகும். அகலமான தட்டில் பரப்பிப் பத்து நிமிடம் ஆறவிடுங்கள். நடுவில் அரிசி நறுக்கென்றால் கால் டம்ளர் கொதிக்கும் தண்ணீரைத் தெளித்து, விசில் போடாமல் மூடி, சிம்மில் ஏழு நிமிடம். உப்பு கூடிவிட்டால் உருளைக்கிழங்கைப் போட்டு இழுக்கவைக்கலாம் என்பார்கள், அது பெரிதாக உதவாது. உப்பில்லாத வெறும் சாதம் ஒரு கப் கலந்தால்தான் உண்மையில் குறையும்.

அடிப்பிடித்த வாசம் வந்தால் உடனே அணைத்து, குக்கரை ஈரத்துணியின் மேல் வையுங்கள். பிரஷர் அடங்கியதும் மேல் பாகத்தை மட்டும் வேறு பாத்திரத்துக்கு மாற்றுங்கள். அடியைச் சுரண்டினால் கருகல் வாசம் மொத்தத்திலும் ஏறிவிடும். மெல்லிய அடியுள்ள எவர்சில்வர் குக்கரில் இது அடிக்கடி நடக்கும், அடியில் தோசைக்கல் வைத்துச் சிம்மில் வேகவிட்டால் தப்பிக்கலாம்.

தொட்டுக்கொள்ளவும் மிச்சத்துக்கும்

வெள்ளரிக்காய் தயிர்ப் பச்சடி போதும், அப்பளம் பொரித்தால் மிச்சப்படுத்திய எண்ணெய் அதில் போய்விடும். எலுமிச்சையிலுள்ள சி வைட்டமின் அரிசி, பருப்பு, கீரையின் இரும்புச்சத்தை உடம்பு எடுத்துக்கொள்ள உதவும். தேநீர் அதைத் தடுக்கும், அதனால் சாப்பிட்ட கையோடு டீக்கடைக்குப் போகாமல் ஒரு மணி நேரம் தள்ளிப்போடுங்கள்.

அலுமினியக் குக்கர் என்றால் மிச்சத்தை அதிலேயே விடாதீர்கள், தக்காளியும் தயிரும் அதை அரிக்கும். வெளியில் ஆறவைத்து ராத்திரி முழுக்க விடுவதும் ஆபத்து. அரிசியில் இருக்கும் பேசிலஸ் சீரியஸ் என்ற கிருமியின் வித்துக்கள் கொதிநிலையிலும் சாகாது. வெதுவெதுப்பான சாதத்தில் அது பெருகி விடும் நஞ்சு, மறுபடி சூடாக்கினாலும் அழியாது. சென்னை வெயிலில் ஒரு மணி நேரத்துக்குள் தட்டில் பரப்பி ஆற்றி, சின்ன டப்பாக்களில் ஃபிரிட்ஜுக்குள் வைத்துவிடுங்கள். மறுநாளே தீர்த்துவிடுவது நல்லது.

ஷிப்டுக்கு எடுத்துப் போவதென்றால், காலையில் ஒரு டப்பா சாதத்துக்கு இரண்டு மேசைக்கரண்டி தண்ணீர் தெளித்து, மூடி, நடுவிலும் ஆவி பறக்கும்வரை சூடாக்குங்கள். ஹாட் பாக்ஸில் கொதிநீர் ஊற்றிப் பத்து நிமிடம் வைத்துவிட்டுக் கொட்டி, அந்தச் சூட்டிலேயே சாதத்தை அழுத்தி நிரப்பி மூடுங்கள். பச்சடியைத் தனி டப்பாவில் போடுங்கள், தயிர் கலந்தால் மதியத்துக்குள் புளித்துவிடும்.